7. கும்பலோடு போன தம்பியைத் தேடுவது

சென்னையில் ஒரு பையன் ‘ஏரியா’ ஆட்களோடு சேர்ந்து வீட்டுக்கு வராமல் போனால், தேடிக் கிளம்புவது பெரும்பாலும் அண்ணனோ அக்காவோதான். அப்பாவுக்கு ஸ்டேஷன் படியேற மனம் வராது. அம்மா சாமிக்கு முடிந்து வைத்துவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பார். இந்த அத்தியாயம் அந்த அண்ணனுக்கும் அக்காவுக்கும். தம்பி என்றே எழுதிக்கொண்டு போகிறேன். தங்கையைத் தேடும்போது சில விஷயங்கள் மாறும், அதைத் தனியாகச் சொல்கிறேன்.

எல்லாவற்றுக்கும் முன்னால் ஒன்று. போட்டோவைக் கையில் வைத்துக்கொண்டு ஒயின்ஷாப், கேரம் கிளப், கஞ்சா விற்கும் சந்து என்று அலையாதீர்கள். உங்களுக்கு அடி விழும் என்பதைவிடப் பெரிய காரணம் ஒன்று இருக்கிறது. தம்பி எதிர்க் கும்பலுக்குப் பயந்து ஒளிந்திருக்கலாம். அவன் எங்கே என்று அவர்களுக்கும் தெரியாது. வீட்டு ஆள் தேடுகிறார் என்று தெரிந்தால், உங்கள் பின்னாலேயே வந்து அவனைப் பிடித்துவிடுவார்கள். அவனுடைய சொந்தக் கூட்டாளிகளோ, இரண்டு கேள்வி கூடுதலாகக் கேட்டால் உங்களைப் போலீசுக்குத் தகவல் சொல்கிறவர் என்று நினைப்பார்கள். அந்தச் சந்தேகம் உங்களோடு நிற்காது, அவன் தலையில்தான் போய் விடியும்.

தெருவில் தேடாமல் பதிவேட்டில் தேட வேண்டும். கும்பலில் இருப்பவன் எவ்வளவு மறைந்து வாழ்ந்தாலும், அடிபட்டால் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும், பிடிபட்டால் மாஜிஸ்திரேட் முன் நிற்க வேண்டும், ரிமாண்ட் ஆனால் ஜெயில் புத்தகத்தில் பெயர் ஏற வேண்டும். அந்த இடங்களிலெல்லாம் நீங்கள் பட்டப்பகலில் போய்க் கேட்கலாம். கேட்க உரிமையும் உண்டு.

வீட்டை விட்டுக் கிளம்பும் முன்

ஒரு நோட்டை எடுத்து இவற்றை எழுதுங்கள். ஆதாரில் உள்ள பெயர், பள்ளிச் சான்றிதழில் உள்ள பெயர், அப்பா பெயர், தெருவில் கூப்பிடும் பெயர். கடைசியாகச் சொன்னது மிக முக்கியம். போலீஸ் காகிதத்தில் ‘மணிகண்டன் (எ) பல்லு மணி, த/பெ முருகேசன்’ என்றுதான் எழுதுவார்கள். சென்னையில் மணிகண்டன்கள் ஆயிரக்கணக்கில் இருப்பார்கள். அவர்களில் உங்கள் தம்பியைப் பிரித்துக் காட்டுவது அந்தப் பட்டப்பெயரும் ‘த/பெ’வுக்குப் பின்னால் இருக்கும் பெயரும்தான். வீட்டில் யாருக்கும் பட்டப்பெயர் தெரியாவிட்டால் பக்கத்து வீட்டுச் சின்னப் பையன்களைக் கேளுங்கள்.

பச்சை குத்தியிருந்தால் எந்தக் கையில், என்ன எழுத்து அல்லது படம். பழைய தழும்பு, தையல் போட்ட இடம், உடைந்த பல், எலும்புக்குள் வைத்த கம்பி. கடைசியாகப் போட்டிருந்த சட்டை, செருப்பு. யார் வண்டியில் ஏறினான், வண்டி நம்பர் என்ன. கடைசியாக வந்த அழைப்பு, கடைசியாகப் போட்ட ஸ்டேட்டஸ். ஸ்டேட்டஸ் மறைவதற்குள் ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வைத்துவிடுங்கள்.

அவன் சிம்மை நிறுத்திவிட்டு டூப்ளிகேட் சிம் வாங்காதீர்கள். போனைத் தொலைந்ததாகப் பதிந்து முடக்கவும் வேண்டாம். அந்தப் போன் எந்த டவரில் ஒரு நிமிடம் உயிர் பெற்றாலும் போலீசுக்கு அது தடயம். ‘கால் ஹிஸ்டரி எடுத்துத் தர்றேன், ஐயாயிரம் ஆகும்’ என்று சொல்கிற ஆளிடமும் போகாதீர்கள். அழைப்பு விவரத்தைச் சட்டப்படி வாங்க விசாரணை அதிகாரியால்தான் முடியும். காசுக்கு விற்பதும் வாங்குவதும் உங்கள் மேலேயே வழக்காக முடியும். அவன் கணக்கில் கடைசியாக எங்கே பணம் எடுத்தான், யாருக்கு ஜிபே போனது என்பது வீட்டில் கிடக்கும் பாஸ்புக்கிலோ அம்மா போனுக்கு வரும் குறுஞ்செய்தியிலோ இருக்கலாம்.

இன்ஸ்டாகிராமில் ‘காணவில்லை’ போஸ்டர் போட வேண்டும் என்று எல்லோரும் சொல்வார்கள். பள்ளிப் பிள்ளைக்கும் மனநலம் குன்றியவருக்கும் அது உதவும். பகைக்குப் பயந்து ஒளிந்தவனுக்கு அது ஆபத்து. எதனால் போனான் என்று ஓரளவு புரியும்வரை போடாதீர்கள்.

ஸ்டேஷனில்

அவன் கடைசியாகத் தங்கியிருந்த வீடு எந்த எல்லைக்குள் வருகிறதோ அந்த ஸ்டேஷனில் புகார் கொடுப்பது சுலபம். எல்லை எங்களுடையது இல்லை என்று திருப்பி அனுப்ப முடியாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173ஆம் பிரிவின்படி, குற்றம் எங்கே நடந்திருந்தாலும் எந்த ஸ்டேஷனிலும் தகவல் கொடுக்கலாம், பதிந்த எஃப்.ஐ.ஆரின் நகலை இலவசமாகத் தர வேண்டும். காணவில்லை என்ற புகாருக்குத் தமிழ்நாட்டில் ‘ஆண் காணவில்லை’, ‘பெண் காணவில்லை’ என்ற தலைப்பிலேயே எஃப்.ஐ.ஆர். போடும் வழக்கம் உண்டு. முதலில் சி.எஸ்.ஆர். ரசீதுதான், அதாவது புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சான்றுதான் கையில் தருவார்கள். அதை வாங்காமல் வராதீர்கள், ஆனால் அதோடு நின்றுவிடவும் வேண்டாம். வாங்கவே மறுத்தால் கமிஷனருக்கோ எஸ்.பி.க்கோ ஸ்பீட் போஸ்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். அடுத்த படி மாஜிஸ்திரேட்.

தம்பிக்கு 18 வயது ஆகவில்லையென்றால் நிலைமையே வேறு. காணாமல் போன ஒவ்வொரு குழந்தைக்கும் கடத்தல் என்றே கருதி எஃப்.ஐ.ஆர். போட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2013 மே மாதம், பச்பன் பச்சாவோ ஆந்தோலன் வழக்கில் உத்தரவிட்டது. ‘ரெண்டு நாள் பாத்துட்டு வாங்க’ என்றால் அந்தத் தீர்ப்பைச் சொல்லுங்கள். குழந்தைகள் உதவி எண்ணான 1098க்கும் உடனே போன் செய்யுங்கள்.

புகாரில் எவ்வளவு சொல்வது? எல்லோரும் திணறும் இடம் இது. கும்பல் விஷயத்தை முழுக்க மறைத்து ‘வேலைக்குப் போனான், வரவில்லை’ என்று மட்டும் எழுதினால் போலீஸ் தவறான திசையில் தேடும். நீங்களே ‘அவன் இன்ன கொலையில் இருந்திருப்பான்’ என்று ஊகத்தை எழுதினால் அது நாளைக்குக் காகிதமாக அவன் முன்னால் வந்து நிற்கும். என் கருத்து: கண்ணால் பார்த்ததையும் காதால் கேட்டதையும் எழுதுங்கள். யாரோடு போனான், எந்த வண்டி, என்ன மிரட்டல் வந்தது. ஊகத்தை விட்டுவிடுங்கள். அவன் ஏதோ பெரிய வழக்கில் மாட்டியிருக்கிறான் என்று உறுதியாகத் தெரிந்தால் முதலில் வக்கீல், பிறகு ஸ்டேஷன்.

வக்கீலுக்குப் பணம் இல்லையா? மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு கோர்ட் வளாகத்திலேயே இருக்கிறது. 15100 என்ற எண்ணில் கேட்கலாம். பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும், காவலில் இருப்பவர்களுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. தேடுகிறவர் அக்காவாக இருந்தால் அவர் பெயரிலேயே மனுப் போடலாம்.

கோர்ட்டும் ஜெயிலும்

காணாமல் போனதாக வீடு நினைத்துக்கொண்டிருக்கும் பையன் ரிமாண்டில் இருப்பது அடிக்கடி நடப்பது. கைது செய்தால் உறவினருக்குச் சொல்ல வேண்டும், 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும் என்பது சட்டம். ஆனால் அவனே வீட்டுக்குத் தெரிய வேண்டாம் என்று தப்பான நம்பர் கொடுத்திருப்பான். அல்லது சொன்ன தகவல், வீட்டுக்கு வராத ஒரு ‘நண்பனோடு’ நின்றுபோயிருக்கும். யார் யார் கைது என்ற விவரத்தை மாவட்டக் கட்டுப்பாட்டு அறையில் வைத்திருக்க வேண்டும் என்று அதே சன்ஹிதாவின் 37ஆம் பிரிவு சொல்கிறது. அங்கே கேளுங்கள். கேட்கும்போது ஒன்றை மறக்காதீர்கள். 2022 தொடக்கத்திலிருந்து சென்னைப் பகுதிக்கு மூன்று கமிஷனர் அலுவலகங்கள்: சென்னைப் பெருநகரம், தாம்பரம், ஆவடி. சென்னைப் பெருநகர அலுவலகம் இருக்கும் வேப்பேரியில் ‘அப்படி யாரும் இல்லை’ என்று சொன்னால் அது மூன்றில் ஒரு பங்கு பதில்தான்.

அடுத்தது கோர்ட். எழும்பூர், ஜார்ஜ் டவுன், சைதாப்பேட்டை. வக்கீல் குமாஸ்தாக்களுக்கு அன்றைக்கு யார் யாரை ரிமாண்டுக்குக் கொண்டுவந்தார்கள் என்று பெரும்பாலும் தெரிந்திருக்கும். ஆன்லைனில் இ-கோர்ட்ஸ் தளத்தில் பெயரைப் போட்டும், எஃப்.ஐ.ஆர். எண்ணைப் போட்டும் தேடலாம். தமிழ்ப் பெயரை ஆங்கிலத்தில் ஆளுக்கொரு மாதிரி எழுதுவார்கள். இளங்கோ என்றால் ஆங்கில ‘ஈ’ எழுத்திலும் தேட வேண்டும், ‘ஐ’ எழுத்திலும் தேட வேண்டும். கிடைக்காவிட்டால் கூட்டாளிகளின் பெயர்களைப் போடுங்கள். அவர்கள் குற்றம்சாட்டப்பட்டவர் பட்டியலில் ஏ1, ஏ2 என்று இருக்கும் வழக்கில் உங்கள் தம்பி ஏ6 ஆக இருக்கலாம்.

சென்னைக் கொலை வழக்கில் தேடப்படுகிறவர்கள் வெளி மாவட்டக் கோர்ட்டில் போய்ச் சரணடைவது பழைய வழக்கம். எதிரிக்குப் பயமும் போலீசுக்குப் பயமும் சேர்ந்து அப்படிச் செய்யவைக்கும். அதனால் ஏதாவது கொலை நடந்து, அதே வாரம் தம்பியும் காணவில்லை என்றால், மற்ற மாவட்டப் பதிப்புகளில் வரும் ‘கோர்ட்டில் சரண்’ செய்திகளைப் படியுங்கள். பெயர்களும் வயதும் ஊரும் அதில் இருக்கும்.

ஜெயில் என்றால் புழல். பழைய சென்ட்ரல் ஜெயில் 2006இல் அங்கே மாறிவிட்டது. தண்டனைக் கைதிகளுக்கு ஒரு சிறை, விசாரணைக் கைதிகளுக்கு ஒன்று, பெண்களுக்குத் தனி என்று உள்ளே பிரித்திருக்கிறார்கள். விசாரணைச் சிறைக்குத்தான் நீங்கள் போக வேண்டும். கைதியைப் பார்க்க அனுமதி கேட்பதற்கு அங்கே ‘மனு’ என்று பெயர். ‘மனு போட வந்திருக்கோம்’ என்று சொன்னால் வழி காட்டுவார்கள். உங்கள் ஆதார் நகல், அவன் பெயர், த/பெ, தெரிந்தால் வழக்கு எண் போதும். வாரத்துக்கு எத்தனை மனு, எந்தக் கிழமை என்பதை அங்கே ஒரு முறை கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

அந்த வரிசையில் நிற்கும் பெண்களிடம் பேசுங்கள். பையில் பழமும் பிஸ்கட்டும் மாற்று லுங்கியுமாக நிற்கிற அம்மாக்கள், அக்காக்கள். எந்த வழக்கில் யார் யார் உள்ளே, யார் வேலூருக்கு மாற்றப்பட்டார், யாருக்குக் ‘குண்டாஸ்’ விழுந்தது என்று அவர்களுக்குத் தெரிந்த அளவுக்கு எந்த அலுவலகத்துக்கும் தெரியாது. பையன்களிடம் கேட்டால் கிடைக்காத பதில் அவர்களிடம் கிடைக்கும். அவர்கள் யாரும் உங்களை இன்ஃபார்மர் என்று நினைக்க மாட்டார்கள், நீங்கள் நிற்பதும் அதே வரிசையில்தான்.

பெயர் ஜெயில் புத்தகத்தில் இருந்து, பெயில் கிடைக்காமல் மாதக்கணக்கில் இழுத்தால், குண்டர் தடுப்புச் சட்டம் பாய்ந்திருக்கிறதா என்று கேளுங்கள். தமிழ்நாட்டின் 1982ஆம் ஆண்டு 14ஆம் சட்டம் அது. நகரத்தில் கமிஷனரும் மாவட்டத்தில் கலெக்டரும் உத்தரவு போடலாம், 12 மாதம் வரை வெளியே வர முடியாது. காரணங்கள் அடங்கிய கட்டை 5 நாளுக்குள் அவன் கையில் கொடுக்க வேண்டும். அதை முழுசாக வாங்கி வக்கீலிடம் கொடுங்கள். படிக்க முடியாத நகல், பரிசீலனையில் தாமதம் போன்ற குறைகளுக்காக ஹைகோர்ட் ரத்து செய்த உத்தரவுகள் ஏராளம்.

வயதையும் பாருங்கள். 17 வயதுப் பையனை 19 என்று எழுதிப் புழலுக்கு அனுப்பியிருந்தால், முதலில் எடுக்க வேண்டியது அவன் பள்ளிச் சான்றிதழ். சிறார் நீதிச் சட்டத்தில் அதற்குத்தான் முதல் மதிப்பு, பிறகு மாநகராட்சிப் பிறப்புச் சான்றிதழ், இரண்டும் இல்லாவிட்டால்தான் மருத்துவச் சோதனை. அவன் இருக்க வேண்டியது கூர்நோக்கு இல்லத்தில். பெரிய ரவுடிகளோடு ஒரே பிளாக்கில் கழிக்கும் ஒவ்வொரு வாரமும் அவனை இன்னும் உள்ளே இழுக்கும். இதில் ஒரு நாளும் தாமதிக்காதீர்கள்.

மஃப்டியில் வந்தவர்கள் தூக்கிக்கொண்டு போனார்கள், எந்த ஸ்டேஷனிலும் ஒப்புக்கொள்ளவில்லை என்றால் மணிக்கணக்கு முக்கியம். முன்பெல்லாம் வக்கீல்கள் கமிஷனருக்கும் மனித உரிமை ஆணையத்துக்கும் உடனே தந்தி அடிக்கச் சொல்வார்கள். எத்தனை மணிக்குப் புகார் சொன்னோம் என்பதற்கு அந்தத் தந்தி ரசீது அழிக்க முடியாத சாட்சி. 2013 ஜூலையில் தந்தி நின்றுவிட்டது. இன்று அந்த வேலையை இமெயிலும் ஸ்பீட் போஸ்ட்டும்தான் செய்ய வேண்டும். கமிஷனர், மாநில மனித உரிமை ஆணையம், சம்பந்தப்பட்ட மாஜிஸ்திரேட் மூவருக்கும் ஒரே நேரத்தில் அனுப்புங்கள். தெருவில் உள்ள கடைகளின் சி.சி.டி.வி. பதிவு அழிவதற்குள் கேட்டு நகல் எடுங்கள். பிறகு ஹைகோர்ட்டில் ஆட்கொணர்வு மனு. தென் மாவட்டங்கள் என்றால் மதுரைக் கிளை. யாரோ ஒருவர் சட்டவிரோதமாகப் பிடித்து வைத்திருக்கிறார் என்பதற்கு ஏதாவது அடிப்படை காட்டினால்தான் இந்த மனு நிற்கும். வெறுமனே ‘காணவில்லை’ என்பதற்கு இதைப் போட்டால் நாள்தான் வீணாகும்.

ஆஸ்பத்திரி, பிணவறை

இதைத் தள்ளிப்போடாதீர்கள். முதல் நாளே போங்கள். சென்ட்ரல் எதிரில் உள்ள ராஜீவ் காந்தி அரசு பொது மருத்துவமனை, ஸ்டான்லி, கீழ்ப்பாக்கம், ராயப்பேட்டை நான்கையும் பாருங்கள். வெட்டுக்காயத்தோடு வருகிறவனை ஏ.ஆர். என்ற விபத்துப் பதிவு போடாமல் சேர்க்க மாட்டார்கள். அந்தப் பதிவேட்டில் யார் கொண்டுவந்தது, எங்கே அடிபட்டது என்று எழுதியிருக்கும். மயங்கிய நிலையில் 108இல் வந்தவன் ‘பெயர் தெரியாத ஆண், வயது சுமார் 25’ என்று இருப்பான். அதனால் பெயரைச் சொல்லிக் கேட்டு ‘இல்லை’ என்று வந்ததும் திரும்பாதீர்கள். ‘பெயர் தெரியாமல் யாராவது சேர்ந்திருக்காங்களா?’ என்று தனியாகக் கேளுங்கள். மருத்துவமனைப் புறக்காவல் நிலையத்திலும் கேளுங்கள். போதைப் பழக்கம் இருந்தவன் என்றால் கீழ்ப்பாக்கம் மனநல மருத்துவமனையையும் மாநகராட்சி இரவுக் காப்பகங்களையும் விட்டுவிடாதீர்கள்.

பிணவறைக்கு அம்மாவை அழைத்துப் போகாதீர்கள். நோட்டில் எழுதிய அடையாளங்களை முதலில் ஊழியரிடம் படித்துக் காட்டுங்கள். பச்சை, தழும்பு, பல். அவர்கள் பொருந்துகிறது என்று சொன்ன பிறகு பாருங்கள். துணைக்கு ஒருவர் கட்டாயம் வேண்டும். முகம் சிதைந்திருந்தால் முகத்தைப் பார்த்து ‘ஆமாம்’ என்றோ ‘இல்லை’ என்றோ சொல்லிவிடாதீர்கள். டி.என்.ஏ. கேளுங்கள், அப்பா அம்மா உயிரோடு இருந்தால் ரத்த மாதிரி அவர்களுடையதாக இருப்பது நல்லது. ரயில் தண்டவாள ஓரத்தில் கிடைத்த உடல்கள் ரயில்வே போலீஸ் கணக்கில் இருக்கும், நகரப் போலீஸ் பட்டியலில் தேடினால் வராது. தமிழ்நாடு காவல்துறையின் இணையச் சேவைத் தளத்தில் அடையாளம் தெரியாத உடல்களின் விவரத்தையும் பார்க்கலாம். அதைப் பார்க்கும் வேலையை வீட்டில் மனது கெட்டியான ஒருவரிடம் ஒப்படையுங்கள், எல்லோரும் சேர்ந்து பார்க்க வேண்டாம்.

கூட்டாளிகளிடம் பேசியே ஆக வேண்டும் என்றால்

சின்ன வயதில் உங்கள் வீட்டில் சாப்பிட்டு வளர்ந்த ஒருவன் இருப்பான். அவனைத் தனியாக, பகலில், கோயில் வாசல் மாதிரி நாலு பேர் நடமாடும் இடத்தில் பாருங்கள். என்ன நடந்தது, யார் செய்தது, எங்கே இருக்கிறான் என்ற மூன்றையும் கேட்காதீர்கள். அவனும் சொல்ல மாட்டான். ‘எங்க இருக்கான்னு எனக்கு வேணாம்டா. உசுரோட இருக்கானான்னு மட்டும் சொல்லு. அம்மா சாப்பிடல.’ இதற்குப் பதில் வரும். ‘நல்லாருக்காண்ணா, கொஞ்ச நாளு கம்முனு இருங்க’ என்று வந்தால் பாதிப் பாரம் இறங்கிவிட்டது. உங்கள் நம்பரையும் வக்கீல் நம்பரையும் ஒரு சீட்டில் எழுதிக் கொடுத்துவிட்டு வாருங்கள்.

அதற்குப் பிறகு ‘தம்பி எங்ககிட்டதான் இருக்கான், இருபதாயிரம் ஜிபே பண்ணு’ என்று யாராவது பேசினால், தம்பிக்கு மட்டுமே தெரிந்த ஒன்றைக் கேளுங்கள். செத்துப்போன நாயின் பெயர், பாட்டி வீட்டுத் தெரு. பதில் வராவிட்டால் அது ஏமாற்று. வந்தால் அது கடத்தல். பேச்சைப் பதிவு செய்து அந்த நிமிடமே 112க்குச் சொல்லுங்கள்.

தங்கையாக இருந்தால்

வேலை என்றோ கல்யாணம் என்றோ அழைத்துப் போய்ப் பெங்களூருக்கோ மும்பைக்கோ விற்றிருக்கலாம் என்ற சந்தேகம் வந்தால், நீங்களே அந்த விலாசத்துக்குப் போய்க் கதவைத் தட்டாதீர்கள். ஆள் வந்தார் என்று தெரிந்த இரவே அவளை வேறு ஊருக்கு மாற்றிவிடுவார்கள். தகவலை ஆட்கடத்தல் தடுப்புப் பிரிவுக்கு எழுத்தில் கொடுங்கள். பெண்கள் உதவி எண்ணான 181க்கும் சொல்லுங்கள். மீட்டவுடன் வீட்டுக்கு அனுப்பிவிட மாட்டார்கள். 1956ஆம் ஆண்டு விபசாரத் தடுப்புச் சட்டத்தின் 17ஆம் பிரிவின்படி மாஜிஸ்திரேட் குடும்பத்தைப் பற்றி விசாரித்த பிறகுதான் ஒப்படைப்பார், அதுவரை காப்பகத்தில் இருப்பாள். அந்த விசாரணை தேவையானது, பல பெண்களை விற்றதே உறவினர்தான். குடும்ப அட்டை, பிறப்புச் சான்றிதழ், சேர்ந்து எடுத்த பழைய போட்டோக்கள் தயாராக இருக்கட்டும். அவள் வயது வந்தவள் என்றால் எங்கே போவது என்பதில் அவள் சொல்வதுதான் முக்கியம். ஊரில் என்ன பேசுவார்கள் என்ற பேச்சை அவள் காதில் விழ யாரும் எடுக்கக் கூடாது. முதல் வாரம் வீட்டில் காவல் காக்க வேண்டியது அதற்குத்தான்.

பாஸ்போர்ட்டும் சேர்ந்து காணவில்லை என்றால், தம்பியோ தங்கையோ, தேடும் இடம் சென்னை இல்லை. தாய்லாந்தில் கம்ப்யூட்டர் வேலை என்று போய் மியான்மர் எல்லையில் ஆன்லைன் மோசடிக் கும்பலிடம் சிக்கிய தமிழ் இளைஞர்களை 2022இல் மீட்டுவந்தார்கள். அயலகத் தமிழர் நல அலுவலகத்துக்கும் அந்த நாட்டு இந்தியத் தூதரகத்துக்கும் எழுதுங்கள்.

அவனே போன் செய்தால்

தெரியாத நம்பரில் வரும். பேசும் நேரம் குறைவு. திட்டாதீர்கள். ‘அடிபட்டிருக்கா? சாப்பிட்டியா? வக்கீல் பாத்துட்டேன், வரியா?’ அவ்வளவுதான் கேட்க வேண்டும்.

‘வீட்டுக்கு வந்து ரெண்டு நாள் இருந்துக்கறேன்’ என்பான். இங்கேதான் பாசம் சட்டத்தில் மோதும். தேடப்படும் குற்றவாளிக்குப் புகலிடம் கொடுப்பது பாரதிய நியாய சன்ஹிதாவின் 249ஆம் பிரிவில் குற்றம். கணவனுக்கும் மனைவிக்கும் மட்டும் விலக்கு உண்டு. அம்மாவுக்கு இல்லை, அண்ணனுக்கும் அக்காவுக்கும் இல்லை. வீட்டில் வைத்தால் நீங்களும் ஏ7, ஏ8 ஆவீர்கள். பிறகு அவனுக்காக வெளியே ஓட யாரும் இருக்க மாட்டார்கள்.

வக்கீல் மூலம் சரண் ஏற்பாடு செய்யுங்கள். எந்தக் கோர்ட், என்ன நேரம் என்பது வக்கீலுக்கும் உங்களுக்கும் அவனுக்கும் மட்டும் தெரியட்டும், சித்தப்பாவுக்குக்கூட வேண்டாம். கோர்ட் வாசலில் எதிரி காத்திருந்து வெட்டிய சம்பவங்கள் உண்டு. ஆட்டோவில் வளாகத்துக்கு உள்ளேயே போய் இறங்குங்கள், வாசலில் டீ குடிக்க நிற்காதீர்கள். உடம்பில் பழைய காயம் இருந்தால் மாஜிஸ்திரேட்டிடம் அவனே வாய்விட்டுச் சொல்ல வேண்டும், அதைப் பதிவு செய்யும்படி வக்கீல் கேட்க வேண்டும். தினமும் போடும் மாத்திரை இருந்தால் சீட்டோடு கொடுத்தனுப்புங்கள். ரிமாண்ட் உத்தரவில் எந்தச் சிறை என்று பார்த்துக்கொள்ளுங்கள். எதிர்க் கும்பல் ஆட்கள் அதே சிறையில் இருந்தால் வேறு சிறைக்கு அனுப்பும்படி அப்போதே, அந்தக் கோர்ட்டிலேயே மனுக் கொடுக்க வேண்டும். அடுத்த வாய்தா தேதியைக் குறித்துக்கொண்டு, மறுநாள் காலையிலேயே மனு போடக் கிளம்பிவிடுங்கள். புது ஆளாக உள்ளே போகிறவனிடம் கும்பல் ஆட்கள் பேசுவதற்கு முன்னால் வீட்டு ஆள் ஒருவர் அவனோடு பேசியிருக்க வேண்டும்.